ஸ்பானியக் குணச்சித்திர நடிகர் ஒருவரின் திரை வாழ்க்கையைத் தொகுப்பது எப்படி

பழைய ஸ்பானியப் படங்கள் இருபது முப்பது பார்த்துவிட்டால் சில முகங்கள் பழகிவிடும். ஊர் மேயர், பாதிரியார், வாடகைக் குடியிருப்பின் வாசலில் உட்கார்ந்து வம்பளக்கும் காவல்காரி, கொள்ளைக் கூட்டத்தில் நான்காவதாகச் சுடப்படுபவன். நாயகன் பெயர் மறந்துபோனாலும் இவர்கள் நினைவில் நிற்பார்கள். ஆனால் இவர்களைப் பற்றித் தேடினால் கிடைப்பது பிறந்த தேதி, இறந்த தேதி, நடுவில் நூற்றைம்பது படத் தலைப்புகள். அதிலிருந்து நம்பகமான ஒரு வாழ்க்கைக் குறிப்பை, விக்கிப்பீடியாவுக்கோ திரைப்படச் சங்க இதழுக்கோ, எழுதி முடிப்பதற்கான வழிமுறை இது. ஸ்பானிய மொழி சரளமாக வர வேண்டியதில்லை. டைட்டில் கார்டும் நாளிதழின் அரங்கப் பட்டியலும் எழுத்துக்கூட்டிப் படிக்கத் தெரிந்தால் போதும், மீதிக்கு இயந்திர மொழிபெயர்ப்பு கைகொடுக்கும்.

யாரை எடுப்பது

முதல் முயற்சிக்கு, பத்துப் படங்களாவது இன்று பார்க்கக் கிடைக்கிற ஒருவரை எடுங்கள். சுஸ் லாம்ப்ரெயாவே (1930–2016) நல்ல தொடக்கம். 1950களின் இறுதியிலிருந்து திரையில் இருக்கிறார், 1983 முதல் இயக்குநர் பெத்ரோ அல்மோதோவாரின் படங்களில் அடிக்கடி வருகிறார், அந்தப் படங்கள் எல்லாம் எளிதாகக் கிடைக்கும். மரியா இஸ்பெர்த் (1917–2011) அடுத்த படி. தெற்கு ஸ்பெயினின் அல்மேரியா பாலைவனத்தில் எடுத்த வெஸ்டர்ன் படங்களில் வில்லன் கூட்டத்து ஆளாக வருகிற யாரையும் முதலில் தொடாதீர்கள். அவர்களுடைய பட்டியலைச் சரிபார்ப்பது மூன்று மடங்கு வேலை, காரணம் கீழே வருகிறது.

பெயர்த் தாள்

படப்பட்டியலைத் தொடுமுன் ஒரு தாளில் அவருடைய எல்லாப் பெயர்களையும் எழுதுங்கள். இதைத் தவிர்த்தால் பின்னால் வரும் எல்லா வேலையும் ஆட்டம் காணும்.

ஸ்பானியர்களுக்கு இரண்டு குடும்பப் பெயர்கள். வழக்கமாக முதலில் தந்தையுடையது, அடுத்து தாயுடையது. மேடைப் பெயராக எதை வைத்துக்கொள்வது என்பது நடிகரின் விருப்பம். ஹாவியர் பார்தெமின் முழுப்பெயரில் முதலில் வருவது என்சினாஸ். பார்தெம் என்பது தாய் பிலார் பார்தெம் வழியில் வந்தது. நடிப்புக் குடும்பங்களில் இந்தச் சிக்கல் பெருகும். பிலாரின் தந்தை ரஃபாயேல் பார்தெம் நடிகர், தாய் மத்தில்தே முன்யோஸ் சம்பெத்ரோ நடிகை, தாயின் சகோதரிகள் குவாதலூப்பே, மெர்சேதெஸ் இருவரும் நடிகைகள். ஒரே காலத்துப் பட்டியல்களில் மூன்று முன்யோஸ் சம்பெத்ரோக்கள் வருவார்கள்; முதற்பெயர் சுருக்கப்பட்டிருந்தால் யார் யாரென்று படத்தைப் பார்த்துத்தான் சொல்ல முடியும். காபா ஆல்பா சகோதரிகள் இரேனே, ஹூலியா இருவருக்கும், இரேனேயின் பிள்ளைகளான குத்தியெர்ரெஸ் காபா மூவருக்கும் இதே கதைதான்: அம்மா இரேனே காபா ஆல்பா, மகள் இரேனே குத்தியெர்ரெஸ் காபா. சித்தி பெயரும் ஹூலியா, இன்னொரு மகள் பெயரும் ஹூலியா.

பெயர்த் தாளில் வர வேண்டியவை: முழுப்பெயர், மேடைப் பெயர், செல்லப் பெயர், வெளிநாட்டுக்கென வைத்த பெயர், எழுத்து மாறிய வடிவங்கள். ஹோசே என்பவர் போஸ்டரில் பெப்பே ஆகியிருப்பார். இஸ்பெர்த் குடும்பத்தின் சான்றிதழ்ப் பெயர் வேறு முதலெழுத்தில் தொடங்குகிறது. சுஸ் என்பது மரியா ஹெசூஸின் சுருக்கம். ஷான் தாஸ் போலாஸ் என்று கலீசியத் தொனியில் வருகிறவரின் சொந்தப் பெயர் தொமாஸ் ஆரெஸ் பேனா. ஆல்தோ சாம்ப்ரெல்லின் சான்றிதழ்ப் பெயர் அல்ஃபிரேதோ சான்செஸ் பிரெல்; பெயரைச் சற்றே மடக்கி இத்தாலியச் சாயல் கொடுத்துவிட்டார். பிரான்சிஸ்கோ பிரான்யா, ஃபிராங்க் பிரான்யா ஆனார். 1975இல் சர்வாதிகாரி ஃபிராங்கோ இறந்த பிறகு கத்தலான் மொழி பேசும் நடிகர்கள் பலர் தம் மொழி வடிவத்துக்குத் திரும்பினார்கள். ஹோசே மரியா போவ் என்று பழைய படங்களில் வருகிறவரும் ஜோசெப் மரியா போவ் என்று இன்று எழுதப்படுகிறவரும் ஒருவரே.

முழுப்பெயருக்கு நம்பகமான இடம் நாளிதழின் மரண அறிவிப்பு. மாட்ரிட் நடிகர் என்றால் ‘ஆபெசே’ நாளிதழில் அவர் இறந்த நாளுக்கு அடுத்த மூன்று நாள் பக்கங்களைப் பாருங்கள். இரண்டு குடும்பப் பெயர்களும் பெரும்பாலும் அங்கே இருக்கும். செய்திப் பிரிவில் வரும் அஞ்சலிக் கட்டுரையைவிட இந்தக் கறுப்புக் கட்டத்துக்கு மதிப்பு அதிகம். அது குடும்பம் கொடுத்தது.

தேடும்போது ஸ்பானிய எழுத்தின் அலைக்குறியையும் அழுத்தக் குறியையும் போட்டு ஒரு முறை, போடாமல் ஒரு முறை தேட வேண்டும். பழைய இதழ்களை எழுத்துணரி மென்பொருள்தான் படித்திருக்கிறது, அதற்கு அலைக்குறி பல இடங்களில் தெரியவில்லை.

பட்டியல்

ஐ.எம்.டி.பி. என்ற இணையத் திரைப்படத் தரவுத்தளத்தில் உள்ள பட்டியலை எடுத்து விரிதாளில் ஒட்டுங்கள். அது தொடக்கம் மட்டுமே. ஒவ்வொரு வரியும் சந்தேகத்துக்குரியது என்று வைத்துக்கொண்டு வேலை செய்யுங்கள். நிரல்கள் இவை: ஸ்பானியத் தலைப்பு, வேற்று நாட்டுத் தலைப்பு, படப்பிடிப்பு ஆண்டு, முதல் திரையிடல் (ஊர், தேதி), இயக்குநர், டைட்டிலில் வரும் பெயர் அப்படியே, டைட்டிலில் எத்தனையாவது இடம், பாத்திரம், திரையில் தோன்றும் நிமிடங்கள், குரல் யாருடையது, ஆதாரம், உறுதி நிலை. கடைசி நிரலுக்கு மூன்று குறிகள் போதும். படத்தில் முகத்தைப் பார்த்தாகிவிட்டால் ‘அ’. அக்கால அச்சு ஆதாரம் உண்டு ஆனால் படம் பார்க்கவில்லை என்றால் ‘ஆ’. இணையப் பட்டியல் மட்டும் என்றால் ‘இ’. கட்டுரையில் ‘இ’ வரிகளைப் பெயர் சொல்லி எழுதக் கூடாது.

அடுத்து ஸ்பானியப் பண்பாட்டு அமைச்சகத்தின் கீழுள்ள திரைப்பட நிறுவனமான இகா வைத்திருக்கும் தணிக்கைச் சான்று பெற்ற படங்களின் பட்டியலோடு ஒப்பிடுங்கள். அதில் தயாரித்த நிறுவனங்கள், கூட்டுத் தயாரிப்பு நாடுகள், வசூல், பார்வையாளர் எண்ணிக்கை இருக்கும். 1960களின் நடுவில்தான் அரசு வசூல் கணக்கை முறைப்படி எடுக்கத் தொடங்கியது. அதற்கு முந்தைய படத்துக்கு யாராவது பார்வையாளர் எண் சொன்னால் எடுத்துக்கொள்ளாதீர்கள்.

பழைய படங்களின் டைட்டிலில் இன்னொரு தொல்லை: நடிகர் பெயர்கள் மட்டும் வரிசையாக ஓடும், யார் எந்த வேடம் என்று இருக்காது. வேடத்தின் பெயரை வசனத்திலிருந்துதான் பிடிக்க வேண்டும். யாரும் பெயர் சொல்லி அழைக்காத வேடமென்றால் ‘மருந்துக்கடைக்காரர்’, ‘இரண்டாவது காவலர்’ என்று தொழிலை எழுதுங்கள், பெயரைக் கற்பனை செய்யாதீர்கள். டைட்டிலின் கடைசியில் ‘சிறப்பு ஒத்துழைப்பு’ என்று தனி அட்டையில் வந்தால் அந்தக் காலத்தில் அவர் மதிப்புள்ளவர் என்று பொருள். அந்த அட்டை எந்தப் படத்திலிருந்து வரத் தொடங்குகிறது என்று குறித்துவையுங்கள். தொழிலில் அவர் ஒரு படி ஏறிய காலம் அதிலேயே தெரியும். ‘தோன்றும் வரிசையில்’ என்று போட்டிருந்தால் இடத்தின் எண்ணுக்குப் பொருளில்லை.

ஸ்பெயினுக்குப் போக வாய்ப்புள்ளவர்களுக்கு: ஃபிராங்கோ காலத் தணிக்கைக் கோப்புகள் மாட்ரிட் அருகே அல்கலா தே எனாரெஸில் உள்ள அரசு நிர்வாகப் பொது ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. படப்பிடிப்பு அனுமதிக்காகத் தயாரிப்பாளர்கள் கொடுத்த நடிகர் பட்டியல்கள் அந்தக் கோப்புகளில் கிடைக்கும். ஆனால் அது எடுக்கும் முன் கொடுத்த பட்டியல். கடைசி நேரத்தில் ஆள் மாறியிருக்கலாம். ஆகவே அதுவும் ‘ஆ’தான்.

வெஸ்டர்ன் படங்கள் ஏன் தனி

1960களில் இத்தாலி, மேற்கு ஜெர்மனி, ஸ்பெயின் மூன்றும் சேர்ந்து படமெடுத்தன. ஒவ்வொரு நாட்டிலும் ‘நம் நாட்டுப் படம்’ என்ற தகுதியும் மானியமும் பெற, அந்நாட்டு நடிகர்களும் தொழில்நுட்பக் கலைஞர்களும் குறிப்பிட்ட விகிதத்தில் இருக்க வேண்டும். விளைவு: மாட்ரிட்டில் கொடுத்த காகிதத்தில் ஒரு பட்டியல், ரோமில் கொடுத்த காகிதத்தில் வேறொன்று. படத்திலேயே இல்லாத ஆளின் பெயர் டைட்டிலில் வரும். மூன்று காட்சிகளில் வந்து சுடப்பட்டவர் பெயர் வராது. இணையத் தரவுத்தளங்கள் இரண்டு பட்டியல்களையும் சேர்த்து விழுங்கிவிட்டன. அதனால்தான் சில வில்லன் நடிகர்கள் ஒரே ஆண்டில் நம்ப முடியாத எண்ணிக்கையில் நடித்ததாகத் தெரிகிறது.

சரிபார்க்க ஒரே வழி பார்ப்பதுதான். முடிந்தால் இத்தாலியப் பதிப்பு, ஸ்பானியப் பதிப்பு இரண்டையும் பாருங்கள். நீளம் மாறும், வெட்டும் மாறும். கூட்டத்தில் ஒருவராக வருகிறவரை அடையாளம் காண, தெளிவாகத் தெரிந்த படத்திலிருந்து அவருடைய நேர்முகம், பக்கமுகம், தொப்பி போட்ட முகம் என்று மூன்று படங்களைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். தாடி மீசையை நம்ப வேண்டாம், காதையும் மூக்கையும் நம்புங்கள். இத்தாலிய இயக்குநர் செர்ஜியோ லியோனேவின் ‘டாலர்’ வெஸ்டர்ன் படங்கள் மூன்றிலும் ஆல்தோ சாம்ப்ரெல் இருக்கிறார். தெளிவான பிரதிகள் கிடைக்கும் என்பதால் கண்ணைப் பழக்க அவை உதவும்.

இடமும் துணைசெய்யும். ஒரே நடிகர் ஒரே மாதத்தில் இரண்டு படங்களில் இருந்தாரா என்ற கேள்வி வந்தால் படப்பிடிப்பு எங்கே நடந்தது என்று பாருங்கள். மாட்ரிட்டுக்கு வடக்கே ஓயோ தே மன்சனாரெஸ், கோல்மெனார் வியேஹோ ஆகிய இடங்களில் வெஸ்டர்ன் ஊர்களுக்கு செட் இருந்தது. காலையில் அங்கே சுடப்பட்டு இரவு மாட்ரிட் மேடையில் நிற்பது நடக்கக்கூடியது. அல்மேரியாவின் தபெர்னாஸ் என்றால் அது முடியாது. பார்சலோனா அருகே எஸ்ப்ளூகஸில் பல்காசார் நிறுவனத்தின் செட் இருந்தது, அந்தப் படங்களில் பார்சலோனாவில் வாழ்ந்த நடிகர்களே திரும்பத் திரும்ப வருவார்கள்.

ஆண்டுக் குழப்பம்

எடுத்த ஆண்டும் வெளிவந்த ஆண்டும் ஸ்பெயினில் பெரிதும் விலகும், தணிக்கையும் விநியோகஸ்தர்களும் அப்படி. லூயிஸ் புனுவெலின் ‘விரிதியானா’ 1961இல் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப் பனையை வாங்கியது. ஸ்பெயின் திரையரங்குகளில் வந்தது 1977இல். அதில் பிச்சைக்காரர்களாக வரும் லோலா கவோஸ், மரியா இஸ்பெர்த் ஆகியோரை உள்ளூர் ரசிகர்கள் அந்த வேடங்களில் பதினாறு ஆண்டு பார்க்கவே இல்லை. ஃபெர்னாந்தோ ஃபெர்னான் கோமெஸ் 1964இல் எடுத்த ‘எல் எஸ்த்ரான்யோ வியாஹே’ 1960களின் இறுதியில்தான் வெளியே வந்தது. ரஃபாயேலா அபாரிசியோவின் மிகச் சிறந்த வேடங்களில் ஒன்று அத்தனை காலம் பெட்டிக்குள் இருந்தது. ஆகவே இரண்டு ஆண்டுகளையும் தனித்தனி நிரலில் வையுங்கள். நடிகரின் வேலை நாட்களைச் சொல்லும்போது படப்பிடிப்பு ஆண்டு, புகழைச் சொல்லும்போது வெளியீட்டு ஆண்டு.

1945க்கு முந்தைய படம் எதுவும் கிடைக்கவில்லை என்றால் திகைக்க வேண்டாம். அந்த ஆண்டு மாட்ரிட்டின் ரியேரா ஆய்வகத் தீயில் ஏராளமான நெகட்டிவ்கள் எரிந்துபோயின. அக்காலத்துக்கு ‘பிரிமெர் பிளானோ’ போன்ற இதழ்களின் புகைப்படங்கள்தான் மிச்சம். 1940இல் தொடங்கிய அந்த இதழின் ஒவ்வொரு புகைப்படக் குறிப்பும் உங்களுக்கு ஓர் ஆதாரம்.

பார்க்கும் முறை

90 நிமிடப் படத்துக்கு மூன்று மணி நேரமாவது ஒதுக்குங்கள். முதல் முறை நிறுத்தாமல் பாருங்கள். இரண்டாம் முறை நடிகர் வரும் இடங்களை மட்டும்: நுழையும் நேரம், வெளியேறும் நேரம், பேசுகிற வரிகள், யாரோடு காட்சி, உடலில் என்ன செய்கிறார். இந்த ஐந்தும் இருந்தால் பின்னால் எழுதும்போது ‘இயல்பாக நடித்தார்’ என்ற வெற்றுச் சொல் தேவைப்படாது. மேயர் உரையைத் தொடங்கித் தொடங்கி முடிக்க முடியாமல் திணறுகிறார் என்று எழுதலாம்.

குரலைப் பற்றி எழுதுமுன் நில்லுங்கள். ஸ்பானியப் படங்களில் 1980கள் வரை பின்னணியில் குரல் பதிவுசெய்வதே பரவலான வழக்கம். நடிகருக்கு அன்று மேடை இருந்தால், அல்லது அவருடைய உச்சரிப்பு பிடிக்காவிட்டால், வேறொருவர் பேசிவிடுவார். கூட்டுத் தயாரிப்புகளில் ஒவ்வொருவரும் தம் மொழியில் பேசி நடித்தார்கள், எல்லாப் பதிப்பும் டப்பிங். மரியாவின் தந்தை பெப்பே இஸ்பெர்த்தின் கரகரப்பைப் போல, லோலா கவோஸின் தொண்டையைப் போல ஊரறிந்த குரல் என்றால் காது சொல்லிவிடும். மற்றவர்களுக்கு இரண்டு வெவ்வேறு ஆண்டுப் படங்களோடு ஒரு தொலைக்காட்சி நேர்காணலையும் கேட்டு ஒப்பிடுங்கள். டப்பிங் கலைஞர்களுக்கென்றே உள்ள ‘எல்தோப்லாஹே’ தரவுத்தளத்தில் அவர் பெயரே இருக்கிறதா என்றும் பாருங்கள். பிற நாட்டு நடிகர்களுக்குக் குரல் கொடுத்துப் பிழைத்த ஆண்டுகள் அதில் வெளிப்படும்.

படங்களுக்கு ‘ஃபிளிக்ஸ்ஓலே’ என்ற ஓடிடி தளத்தில் பழைய ஸ்பானியத் தொகுப்பு பெரிது. அரசுத் தொலைக்காட்சியான ஆர்.டி.வி.இ.யின் இணையக் காப்பகத்தில் தொடர்களும் மேடை நாடகப் பதிவுகளும் உண்டு. நாடு வாரியான தடை சிலவற்றுக்கு இருக்கும்.

இடைவெளிகள்

பட்டியலை ஆண்டு வாரியாக அடுக்கினால் ஓட்டைகள் தெரியும். இரண்டு ஆண்டு படமே இல்லை. உடனே ‘வாய்ப்பின்றித் தவித்தார்’ என்று எழுதிவிடுவதுதான் இந்த வகைக் கட்டுரைகளில் மிகப் பரவலான தவறு. பெரும்பாலும் அவர் மேடையில் இருந்திருப்பார். மாட்ரிட் நாடகக் குழுக்களில் தினம் இரண்டு காட்சிகள், மாலையில் ஒன்று, இரவில் ஒன்று. வாரத்தில் ஒரு நாள் ஓய்வு என்பதே 1970களில் போராடிப் பெற்றது. 1975 பிப்ரவரியில் நடிகர்கள் வேலைநிறுத்தம் செய்து அரங்குகளை மூட வைத்தார்கள். குணச்சித்திர நடிகருக்கு மாதச் சோறு போட்டது மேடை. சினிமா என்பது பகல் நேரத்தில், நாள் கணக்கில் கிடைத்த கூடுதல் வேலை. ஒரே ஆண்டில் எட்டுப் படம் எப்படிச் சாத்தியம் என்பதற்கும் விடை இதிலேயே உண்டு: ஒவ்வொன்றிலும் சில நாள் வேலை.

பெப்பே இஸ்பெர்த் நல்ல எடுத்துக்காட்டு. 1912இல் பிரதமர் கனாலேஹாஸ் கொல்லப்பட்ட சில நாட்களில் எடுக்கப்பட்ட குறும்படத்தில் கொலையாளியாக நடித்தார். திரையில் தொடர்ந்து தெரியத் தொடங்கியது பேசும்படம் வந்த பிறகுதான். நடுவில் உள்ள காலம் முழுதும் மாட்ரிட் மேடை, குறிப்பாக லாரா அரங்கம். திரைப்பட்டியலை மட்டும் பார்த்தால் அது வெற்றிடம்.

இடைவெளியை நிரப்ப, அந்த ஆண்டுகளின் நாளிதழ் அரங்கப் பட்டியலை மாதம் ஒரு நாள் வீதம் பாருங்கள். செப்டம்பர், அக்டோபர் பக்கங்களைக் கூடுதலாகப் பாருங்கள், நாடகப் பருவம் தொடங்குவது அப்போதுதான். ‘லா வன்கார்தியா’ காப்பகம் பார்சலோனாவுக்கும், ‘ஆபெசே’ மாட்ரிட்டுக்கும் உதவும்; தேசிய நூலகத்தின் மின்னிதழ்க் காப்பகத்தில் பழைய திரை, நாடக இதழ்கள் கிடைக்கும். 1965இல் தொடங்கிய ‘எஸ்தூதியோ 1’ என்ற தொலைக்காட்சி நாடக நிகழ்ச்சியையும் விடாதீர்கள். சினிமாவில் இரண்டு வரி பேசியவர்கள் அங்கே முழு வேடம் செய்திருக்கிறார்கள்.

1984க்குப் பிறகு பலருடைய பட்டியல் மெலியும். அதற்குத் தனிப்பட்ட காரணம் தேடுமுன் அப்போது அரசின் திரைப்படத் துறைத் தலைவராக இருந்த பிலார் மிரோ கொண்டுவந்த 1983 டிசம்பர் ஆணையை நினைவில் வையுங்கள். அரசு உதவி குறைந்த எண்ணிக்கையிலான, கூடுதல் செலவிலான படங்களுக்குப் போயிற்று. மலிவாக, விரைவாக எடுத்த நகைச்சுவைப் படங்கள் அருகின. அவற்றில் மாதந்தோறும் வேலை பார்த்தவர்கள் ஒதுங்க நேர்ந்தது. 1990இல் தனியார் தொலைக்காட்சிகள் வந்த பிறகு அவர்களில் சிலர் தொடர்களில் பாட்டியாகவும் தாத்தாவாகவும் திரும்பினார்கள்.

விருதுகள்

ஸ்பானியத் திரைப்பட அகாதமியின் கோயா விருது முதன்முதலில் 1987 மார்ச்சில், 1986ஆம் ஆண்டுப் படங்களுக்காக வழங்கப்பட்டது. துணை வேடங்களுக்கு மிகேல் ரெய்யானும் வெரோனிகா ஃபோர்கேயும் பெற்றார்கள். எப்போதும் விழா ஆண்டு ஒன்று கூடுதலாக இருக்கும். சுஸ் லாம்ப்ரெயாவேயின் கோயா 1992 படத்துக்கு, 1993 விழாவில். ஏதாவது ஒரு முறையைக் கட்டுரை முழுதும் வைத்துக்கொள்ளுங்கள். அதற்கு முந்தைய தலைமுறைக்கு, 1945இல் தோன்றிய திரைப்பட எழுத்தாளர் வட்டத்தின் பதக்கங்களையும், ஃபிராங்கோ காலத் தேசியத் தொழிற்சங்கப் பரிசுகளையும் தேட வேண்டும். ‘விருதே பெறாதவர்’ என்று எழுதுமுன் இரண்டையும் பாருங்கள். கூட்டாகக் கொடுத்த பரிசுகளும் தவறிப்போகும். 2006இல் கான் விழாவின் சிறந்த நடிகை விருது ‘வோல்வேர்’ படத்தின் ஆறு நடிகைகளுக்குச் சேர்த்துக் கொடுக்கப்பட்டது, அறுவரில் லாம்ப்ரெயாவேயும் ஒருவர்.

பெயர் ஒற்றுமை விருதுப் பட்டியலையும் கெடுக்கும். மூன்று கோயா வென்ற ஹுவான் தியெகோ (1942–2022) வேறு, புவெனஸ் ஐரிஸில் பிறந்த ஹுவான் தியெகோ போத்தோ வேறு. தேடுபொறி இருவரையும் அடிக்கடி கலந்து கொடுக்கும்.

எழுதும்போது

‘இருநூறுக்கும் மேற்பட்ட படங்கள்’ என்ற வரி ஏறக்குறைய எல்லா அஞ்சலிக் கட்டுரையிலும் வரும். அதில் தொலைக்காட்சி நாடகம், குறும்படம், சில சமயம் டப்பிங்கும் சேர்ந்திருக்கும். உங்கள் விரிதாளிலிருந்து முழுநீளப் படம், குறும்படம், தொலைக்காட்சி என்று பிரித்து எண்ணிச் சொல்லுங்கள், ‘அ’ குறி எத்தனை என்பதையும் சேர்த்து. எண் குறையும், குறையட்டும்.

ஆரம்பகால வேறு வேலைகளையும் தேடுங்கள். ஹோசே லூயிஸ் லோபெஸ் வாஸ்கெஸ் உடை வடிவமைப்பாளராக இருந்தவர். நடிகர் பட்டியலில் மட்டும் தேடினால் அந்த ஆண்டுகள் கண்ணில் படாது.

பெயர்களைத் தமிழில் எழுதுகையில் ஸ்பானிய ஒலிப்பையே பின்பற்றுங்கள்: ஜோஸ் அல்ல ஹோசே, ஜேவியர் அல்ல ஹாவியர், வில்லா அல்ல வியா. கத்தலான் பெயர்களில் மட்டும் ‘ஜ’ ஒலி சரி. ஒருமுறை எடுத்த எழுத்துக்கூட்டலைப் பெயர்த் தாளிலேயே எழுதிவையுங்கள், இல்லாவிட்டால் மூன்றாம் பக்கத்தில் அதே ஆள் வேறு ஆளாகிவிடுவார்.

கட்டுரையின் நடுப்பகுதியில் மூன்று வேடங்களை மட்டும் விரிவாக எடுத்துக்கொள்ளுங்கள்: தொடக்கத்தில் ஒன்று, பரபரப்பான காலத்தில் ஒன்று, கடைசிக் காலத்தில் ஒன்று. ஒவ்வொன்றுக்கும் 150 சொற்கள். மற்றப் படங்களுக்கு ஆண்டும் தலைப்பும் போதும். லோலா கவோஸைப் போல ஒரே ஒருமுறை பெரிய வேடம் வாய்த்தவர் என்றால் (அவருக்கு 1975இல் ‘ஃபுர்த்தீவோஸ்’) அந்தப் படத்துக்குக் கூடுதல் இடம் தரலாம், ஆனால் அதற்கு முந்தைய சிறு வேடங்களை அதற்கான ஒத்திகை போல எழுதிவிடாதீர்கள். எடுக்கும் நாளில் அவருக்கு அது தெரியாது.

வாழும் உறவினர் பெயர்கள், முகவரிகள் மரண அறிவிப்பில் கண்ணில் படும். அவர்களும் பொதுவாழ்வில் இருந்தால் தவிர, கட்டுரையில் சேர்க்க வேண்டாம். விரிதாளைக் கட்டுரையோடு சேர்த்தே வெளியிடுங்கள், ‘இ’ குறி போட்ட வரிகளோடு. அந்தப் படங்களில் ஒன்றின் பிரதி யாரிடமாவது இருக்கும்.